மௌஸ் எவ்வளவு தூரம் ஓடுகிறது?

"நாங்கள் கோப்பை கழுவி இந்த நாட்டில் காலூன்றினோம். பிள்ளைகள் கந்தோரில் இருந்து மௌஸை உருட்டிப்போட்டு வந்து கை நோகுது என்கிறார்கள்." எங்களவர்கள் நாலு பேர் கூடி வேலையைப் பற்றிக் கதைக்கும் இடத்தில் இந்த வசனம் எப்படியும் ஒரு தடவை வந்து விழும். சொல்பவர் பெரும்பாலும் பகிடியாகத்தான் சொல்வார். கேட்பவர்களும் சிரிப்பார்கள். ஆனால் இந்தப் பகிடிக்குள் ஒரு கணக்கு இருக்கிறது. உடல் எவ்வளவு அசைந்ததோ அவ்வளவுதான் வேலை, குறைவாக அசைந்தவருக்கு நோவதற்கு நியாயமில்லை என்பது அந்தக் கணக்கு. அது சரியா என்று பார்க்க வேண்டுமானால் முதலில் அந்த அசைவை அளக்க வேண்டும். கந்தோரில் இருப்பவரின் மௌஸ் ஒரு நாளில் உண்மையில் எவ்வளவு தூரம் ஓடுகிறது?

இரண்டு பக்கமும் எனக்குத் தெரியும் என்பதால் இதை எழுதத் துணிகிறேன். சுவிஸ் வந்த புதிதில் ஆறு வருடம் உணவகக் குசினியில் நின்றேன். அதன்பின் இருபது வருடங்களுக்கு மேலாகப் பகலில் ஒரு கந்தோரிலும், இரவில் தமிழ்ப் பக்கங்களை வடிவமைப்பதிலும் மௌஸைப் பிடித்தபடி இருக்கிறேன்.

மௌஸைச் சுட்டிக் காட்டும் கருவி என்றே எல்லோரும் நினைக்கிறோம். ஆனால் அது செய்வது அளவெடுப்பு. திரையில் அம்பு எங்கே நிற்கிறது என்பது மௌஸுக்குத் தெரியாது. தான் வலப்பக்கம் இவ்வளவு நகர்ந்தேன், முன்பக்கம் இவ்வளவு நகர்ந்தேன் என்பதை மட்டும் அது இடைவிடாது கணனிக்கு அறிவித்துக்கொண்டிருக்கும். அம்பை எங்கே வைப்பது என்பது கணனியின் முடிவு.

இந்த அளவெடுப்பு அதற்குப் பரம்பரையாக வந்தது. 1854இல் யாக்கோப் அம்ஸ்லர் என்ற சுவிஸ் கணித ஆசிரியர் பிளானிமீற்றர் என்ற கருவியின் எளிய வடிவம் ஒன்றை உருவாக்கினார். ஷாஃப்ஹவுசன் நகரில் அதற்கென்று தொழிற்சாலையும் நிறுவினார். நில அளவையாளரும் பொறியியலாளரும் பயன்படுத்திய கருவி அது. வரைபடத்தில் ஒரு காணியின் எல்லையைச் சுற்றி அதன் முனையை ஒருமுறை இழுத்துவந்தால் காணியின் பரப்பளவைச் சொல்லிவிடும். அதற்குள் இருந்தது ஒரு சிறு சக்கரம். தன் திசையில் இழுத்தால் உருளும், குறுக்காக இழுத்தால் உருளாமல் வழுக்கும். எவ்வளவு உருண்டது என்பதில் இருந்தே கணக்கு வரும்.

அமெரிக்காவில் ஸ்ரான்போர்ட் ஆய்வு நிறுவனத்தில் இருந்த டக்ளஸ் எங்கெல்பார்ட் இந்தக் கருவியை அறிந்திருந்தார். இப்படிப்பட்ட சக்கரங்கள் இரண்டை ஒன்றுக்கொன்று செங்குத்தாக வைத்தால் ஒன்று கிடைத் தூரத்தையும் மற்றது நெடுந் தூரத்தையும் தரும் அல்லவா? அதுதான் அவருடைய யோசனை. 1964இல் அவருடைய சகாவான பில் இங்கிலிஷ் ஒரு மரக்கட்டைக்குள் இரண்டு சக்கரங்களைப் பொருத்தி முதல் மௌஸைச் செய்தார். காப்புரிமை 1970இல் வந்தது. அந்தப் பத்திரத்தில் எலி என்ற பெயரே இல்லை, நிலைகாட்டும் கருவி என்றுதான் இருந்தது. எங்கெல்பார்ட்டுக்கு அதனால் பெரிய வருமானம் எதுவும் வரவில்லை என்பது வேறு கதை.

அந்த ஆய்வுகூடத்தில் மௌஸ் தனியாகப் பிறக்கவில்லை. ஒளிப்பேனா, விமானியின் பிடி போன்ற தடி என்று பல கருவிகளை ஒன்றோடொன்று போட்டியிட வைத்துப் பார்த்தார்கள். மேசைக்குக் கீழே முழங்காலால் அசைக்கும் கருவி ஒன்றும் இருந்தது. புதிதாகப் பழகுபவர்களிடம் முழங்கால் கருவி நன்றாகவே வேலை செய்தது. அது வென்றிருந்தால் இன்றைக்குப் பிள்ளைகள் முழங்கால் நோகுது என்று சொல்லியிருப்பார்கள். 1968 டிசம்பர் 9ஆம் திகதி சான் பிரான்சிஸ்கோவில் எங்கெல்பார்ட் தன் கணனி முறையைச் சபையில் காட்டியபோது வலக்கையில் மௌஸும் இடக்கையில் ஐந்து கட்டைகள் கொண்ட சிறு விசைப்பலகையும் இருந்தன. வேலையை இரண்டு கைகளுக்கும் பங்கிட்டிருந்தார். உலகம் வலக்கைக் கருவியை மட்டும் எடுத்துக்கொண்டு இடக்கையை விட்டுவிட்டது. இது பின்னால் நமக்குத் தேவைப்படும்.

அதே 1968இல் ஜேர்மனியில் ரெலிபுங்கன் நிறுவனம் சக்கரத்துக்குப் பதிலாகப் பந்து வைத்த மௌஸை வெளியிட்டது. சுவிஸுக்கும் இதில் பங்கு உண்டு. லவுசான் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்துப் பேராசிரியர் ஜான்-டானியல் நிக்கூவின் குழு வடிவமைத்த மௌஸை, கடிகாரத் தொழிலுக்குப் பேர்போன ஜூ பள்ளத்தாக்கில் டெப்ரா என்ற நிறுவனம் செய்தது. லொஜிரெக் நிறுவனம் 1981இல் வோ மாநிலத்தில் அப்பிள்ஸ் என்ற கிராமத்தில் தொடங்கியது. அப்பிள் கணனிக்கும் அந்தக் கிராமத்தின் பெயருக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. 2008 முடிவில் அந்த நிறுவனம் தன் நூறு கோடியாவது மௌஸைச் செய்துவிட்டதாக அறிவித்தது.

பந்து மௌஸைத் திறந்து துடைத்த தலைமுறை நாங்கள். உள்ளே இறப்பர் பூசிய உலோகப் பந்து. அதை ஒட்டியபடி செங்குத்தாக இரண்டு சிறு உருளைகள். ஒவ்வொரு உருளையின் முனையிலும் வெட்டுகள் போட்ட ஒரு தட்டு. தட்டு சுற்றும்போது ஒரு பக்கத்து ஒளி மறுபக்கத்துக்கு விட்டுவிட்டுப் போகும், அந்த வெட்டொளிகளைக் கணனி எண்ணும். போன திசையை அறிய ஒளி பார்க்கும் கண்கள் இரண்டு. எந்தக் கண் முந்திப் பார்க்கிறது என்பதில் இருந்து திசை தெரியும். உருளைகளில் தூசி ஒரு வளையமாகப் படியும். அதை நகத்தால் சுரண்டாவிட்டால் அம்பு நொண்டும். அதாவது மௌஸ் தன் தூரத்தைக் குறைத்துச் சொல்லத் தொடங்கும்.

1999இல் மைக்ரோசொஃப்ற் ஒளி மௌஸைச் சந்தைக்குக் கொண்டுவந்தபின் பந்து மெல்ல மறைந்தது. இப்போதைய மௌஸின் வயிற்றில் ஒரு சின்னக் கமெரா இருக்கிறது. மேசைப் பரப்பை அது படம் பிடித்துக்கொண்டே இருக்கும். 1999இன் மௌஸே நொடிக்கு 1500 படம் எடுத்தது. ஒரு படத்தையும் அடுத்த படத்தையும் ஒப்பிட்டு, மரத்தின் வரியோ துணியின் நூலோ எவ்வளவு தள்ளிப் போயிருக்கிறது என்று பார்த்துத் தன் நகர்வைக் கணக்கிடும். அந்த வகை மௌஸ் கண்ணாடி மேசையில் தடுமாறுவதற்குக் காரணம், அங்கே பார்த்துவைக்க ஒரு அடையாளமும் இல்லாததுதான்.

இந்த எண்ணிக்கையின் அலகுக்கு மிக்கி என்று பெயர். ஆம், அந்த மிக்கி மௌஸேதான். அங்குலத்துக்கு 1000 தடவை எண்ணும் சாதாரணக் கந்தோர் மௌஸில் ஒரு மிக்கி என்பது ஒரு மில்லிமீற்றரின் நாற்பதில் ஒரு பங்கு. தலைமயிரின் தடிப்பைவிட மெல்லியது. ஆகவே தூரத்தை அறியப் புதிதாக ஒரு கருவியும் தேவையில்லை. எண்ணிக்கையைக் கூட்டினால் போதும்.

ஆனால் எதைக் கூட்டுவது? மௌஸ் ஓடிய தூரத்தைக் காட்டும் சிறு மென்பொருட்கள் பல வந்திருக்கின்றன. சில மாதம் ஓடவிட்டால் நீங்கள் ஒரு மரதன் ஓடி முடித்துவிட்டீர்கள் என்று வாழ்த்துச் சொல்லும். அவற்றில் பல அளப்பது கையின் தூரத்தை அல்ல, திரையில் அம்பு போன தூரத்தை. இரண்டுக்கும் உள்ள இடைவெளி மிகப் பெரியது. இன்று பரவலாக உள்ள 24 அங்குலத் திரை ஒன்றை எடுங்கள். அதன் அகலம் சுமார் 53 செ.மீ. அந்த அகலத்தில் 1920 புள்ளிகள். ஒரு மிக்கிக்கு ஒரு புள்ளி என்று வைத்தால், அம்பு திரையின் ஒரு கரையில் இருந்து மறுகரைக்குப் போக மௌஸ் 1920 மிக்கி நகர வேண்டும். அது 5 செ.மீ. கூட இல்லை. அம்பு 53 செ.மீ. போகக் கை 5 செ.மீ. போகிறது. ஏறத்தாழப் பதினொரு மடங்கு. கையை வேகமாக வீசினால் அம்பு இன்னும் கூடுதலாகப் பாயும்படி கணனியே ஒரு சலுகை வேறு தரும். அந்தச் சலுகை இருக்கும்வரை அம்பின் தூரத்தில் இருந்து கையின் தூரத்தைத் திருப்பிக் கணக்கிட முடியாது. மௌஸைத் தூக்கி வைக்கும்போது காற்றில் போகும் தூரம் இரண்டு கணக்கிலும் வராது.

இனி ஒரு நாள். இதற்கு மனிதருக்கு மனிதர் விடை மாறும். ஆகவே ஓர் உத்தேசம் எடுத்துக்கொள்வோம். எட்டு மணித்தியால வேலையில் கை மௌஸில் இயங்கும் நேரம் நாலு மணித்தியாலம். நிமிடத்துக்குப் பத்து அசைவு. ஓர் அசைவுக்கு 5 செ.மீ. உங்கள் வேலைக்கு இது பொருந்தாவிட்டால் எண்களை மாற்றிப் பெருக்கிக்கொள்ளுங்கள். என் உத்தேசத்தில் ஒரு நாளைக்கு 2400 அசைவுகள், 120 மீற்றர். அவ்வளவுதான். கந்தோர் வாசலில் இருந்து பஸ் தரிப்பிடம் வரையான தூரம். வருடத்துக்கு 220 வேலைநாள் என்றால் 26 கிலோமீற்றருக்குச் சற்று மேல். பேர்ணில் இருந்து தூண் நகரம் பறவை பறக்கும் பாதையில் ஏறத்தாழ இவ்வளவு. 35 வருடம் வேலை செய்து ஓய்வுபெற்றால் 924 கிலோமீற்றர். கொழும்பில் இருந்து யாழ்ப்பாணம் வீதியால் சுமார் 400 கிலோமீற்றர், போய்த் திரும்பிவிட்டு இன்னும் கொஞ்சம் போகலாம்.

அம்பின் கணக்கு வேறு. அது பதினொரு மடங்கு, அதாவது நாளைக்கு 1.3 கிலோமீற்றர், 35 வருடத்தில் பத்தாயிரம் கிலோமீற்றருக்கு மேல். சூரிச்சில் இருந்து கொழும்புக்கு விமானப் பாதை ஏறத்தாழ 8000 கிலோமீற்றர். அம்பு ஊர் போய்ச் சேர்ந்துவிடும். கை அதில் எட்டில் ஒரு பங்குக்கும் குறைவான தூரத்தையே தாண்டியிருக்கும்.

இப்போது மற்றப் பக்கத்தையும் அளப்போம். பகிடி விட்டவருக்கும் நியாயம் செய்ய வேண்டும் அல்லவா? தரை துடைப்பவரின் மொப் ஒரு இழுப்புக்கு ஒன்றரை மீற்றர் போகிறது என்றும், நிமிடத்துக்கு இருபது இழுப்பு என்றும், மூன்று மணித்தியால வேலை என்றும் வைத்தால் 3600 இழுப்பு, 5.4 கிலோமீற்றர். மௌஸின் தூரத்தைப் போல நாற்பத்தைந்து மடங்கு. அதுவும் ஈரத் துணியின் பாரத்தோடு. மௌஸின் பாரமோ நூறு கிராம் அளவு. ஆகவே தூரமும் பாரமும்தான் வேலை என்றால் வழக்கு முடிந்துவிட்டது. பகிடி வென்றது.

வழக்கு அங்கே முடியவில்லை என்பதே என் வாதம்.

1954இல் போல் ஃபிற்ஸ் என்ற அமெரிக்க உளவியலாளர் கை ஓர் இலக்கைத் தொட எடுக்கும் நேரத்தை ஆராய்ந்தார். அவர் கண்ட விதி இது. தூரத்தை இரண்டு மடங்காக்கினால் நேரம் இரண்டு மடங்காவதில்லை, ஒரு குறிப்பிட்ட சிறு அளவே கூடுகிறது. இலக்கின் அகலத்தைப் பாதியாகக் குறைத்தாலும் அதே அளவு நேரம் கூடுகிறது. 1978இல் ஸெரொக்ஸ் நிறுவனத்தின் ஆய்வுகூடத்தில் ஸ்ருவேர்ட் கார்ட், பில் இங்கிலிஷ், பெற்றி பேர் மூவரும் மௌஸை வைத்துச் சோதித்தபோதும் இதே விதி பொருந்தியது. அதாவது கைக்குத் தூரம் மலிவு. விலை கூடியது நிறுத்தம். முதல் பாய்ச்சலில் கை பெரும்பகுதித் தூரத்தைக் கடந்துவிடும். பிறகு வேகத்தைக் குறைத்து, கண்ணால் பார்த்து, கொஞ்சம் தாண்டினால் திரும்பி வந்து, அந்தச் சிறு கட்டத்துக்குள் அம்பை இருத்தி, அசையாமல் பிடித்தபடி ஒரு விரலை மட்டும் அமுக்க வேண்டும். கையின் கவனமும் இறுக்கமும் எல்லாம் இந்தக் கடைசி மில்லிமீற்றரில் இருக்கின்றன. தூரக் கணக்கில் அந்த மில்லிமீற்றர் சுழியம்.

தமிழ்ப் பக்கம் வடிவமைத்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. பாமினி எழுத்துருவில் தட்டி முடித்த பக்கத்தில் பிழை திருத்த உட்காருவோம். ஒரு எழுத்துக்குப் புள்ளி விட்டுப்போயிருக்கும், இன்னொன்றுக்கு அரவு கூடியிருக்கும். இரண்டு எழுத்துக்கு இடையில், ஒரு மில்லிமீற்றர் வெளியில், அம்பைக் கொண்டுபோய் வைக்க வேண்டும். ஒரு பக்கத்தில் முப்பது பிழை என்றால் முப்பது தடவை. அந்தப் பக்கம் முழுவதற்கும் மௌஸ் ஓடிய தூரம் ஒன்றரை மீற்றர் வந்தால் அதிகம். எழும்பும்போது கழுத்தில் இருந்து முழங்கை வரை கம்பி இழுத்துக் கட்டியது போல இருக்கும்.

அந்தக் கம்பி எங்கே இருந்து வருகிறது? வழக்கமான விசைப்பலகையின் வலக்கோடியில் எண்கட்டைகள் இருக்கின்றன. அவற்றுக்கும் அப்பால்தான் மௌஸுக்கு இடம். ஆகவே கை உடம்பை விட்டு வெளியே நீட்டியபடி நிற்கிறது. தோள் சிறுத்தவர்களுக்கு, குறிப்பாகப் பெண்களுக்கு, அந்த நீட்டல் இன்னும் கூட. நீட்டிய கையைத் தாங்கிக்கொண்டிருப்பது கழுத்தில் இருந்து தோளுக்கு இறங்கும் தசை. சுவீடன் ஆய்வாளர் யோரான் ஹெக் 1991இல் இதற்கு ஒரு விளக்கம் முன்வைத்தார். தசை மெதுவாக இயங்கும்போது அதன் எல்லா இழைகளும் சேர்ந்து வேலை செய்வதில்லை. சின்னப் பாரத்துக்கு முதலில் எழும்பும் இழைகள் சிலவே. தசை முழுவதும் தளர்ந்தால்தான் அவற்றுக்கு ஓய்வு. பெரிய பாரத்தைத் தூக்கி வைப்பவர் வைத்தவுடன் கையைத் தொங்கப்போடுகிறார், எல்லா இழையும் தளர்கிறது. மௌஸைப் பிடித்திருப்பவர் நாலு மணித்தியாலமும் கையை முழுதாகத் தளரவிடுவதே இல்லை. பாரம் மிகச் சிறிது, ஆனால் அதே சில இழைகள் காலையில் முதலில் எழும்பி இரவில் கடைசியாகப் படுக்கின்றன. ஹெக் அவற்றுக்கு வைத்த பெயர் சின்டரெல்லா இழைகள். இது ஒரு கருதுகோள்தான். ஆனால் நூறு கிராம் கருவி ஏன் நோகச் செய்கிறது என்ற கேள்விக்கு இது ஒரு நேரான பதில். ஓட்டம் குறைவாக இருப்பதே இங்கே பிரச்சினையின் ஒரு பகுதி. எங்கெல்பார்ட் இரண்டு கைக்கும் பங்கிட்டதை நாம் ஒரு கைக்கே கொடுத்ததும் இன்னொரு பகுதி.

இது புதிய வருத்தமும் அல்ல. இத்தாலிய வைத்தியர் பெர்னார்டினோ ரமசினி 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே எழுத்தர்களின் நோயைப் பற்றி எழுதியிருக்கிறார். ஓயாமல் உட்கார்ந்திருப்பது, கை ஒரே விதமாக அசைவது, பிழை வரக்கூடாதே என்ற மன அழுத்தம் ஆகிய மூன்றையும் காரணமாகச் சொன்னார். அவருடைய எழுத்தர் பிடித்தது இறகுப் பேனா. அதைவிடப் பாரம் குறைந்த கருவி எது? பிரித்தானியாவில் தந்தி அனுப்புவோரின் விரல் இழுப்பு 1908இல் நட்டஈடு பெறக்கூடிய தொழில்நோய்ப் பட்டியலில் ஏறியது. தந்திக் கட்டை மேலும் கீழும் போகும் தூரம் மில்லிமீற்றர் கணக்குத்தான்.

மறுபக்கத்தையும் மறைக்கக் கூடாது. கை நோகிறது என்றவுடன் மணிக்கட்டில் நரம்பு நெரிபடும் கார்ப்பல் ரனல் நோய்தான் என்று எங்களவர்கள் தீர்ப்பெழுதிவிடுகிறார்கள். டென்மார்க்கில் கணனியில் வேலை செய்யும் ஏறத்தாழ 7000 பேரை ஒரு வருடம் பின்தொடர்ந்த ஆய்வு 2003இல் வெளிவந்தது. வாரத்துக்கு இருபது மணித்தியாலத்துக்கு மேல் மௌஸ் பிடிப்பவர்களிடம் அந்த நோயின் அறிகுறிகளோடு ஒரு தொடர்பு தெரிந்தது, ஆனால் கணனி வேலை அந்த நோய்க்குப் பாரதூரமான காரணம் அல்ல என்பதே ஆய்வின் முடிவு. அதே ஆய்வுத் திட்டத்தில் கணனிகளில் மென்பொருள் வைத்து உண்மையான நேரத்தையும் அளந்தார்கள். மௌஸில் தாங்கள் இருந்த நேரத்தை மக்கள் கூட்டியே சொல்லியிருந்தார்கள். நோவு பொய் என்று இதற்கு அர்த்தமில்லை. தோளும் கழுத்தும் முன்கையும் நோவது வேறு, நரம்பு நெரிபடுவது வேறு. முன்னதை ஜேர்மன் மொழியில் மௌஸ்-ஆர்ம் என்பார்கள்.

அந்த நரம்பு நோயோடு உறுதியான தொடர்பு கண்டிருப்பது வேறு வேலைகளில். இறுக்கிப் பிடித்துத் திரும்பத் திரும்ப ஒரே அசைவைச் செய்யும் இறைச்சித் தொழிற்சாலை வேலை, அதிரும் கருவிகளைப் பிடிக்கும் வேலை போன்றவை. குசினியில் கனத்த சட்டியை ஒரு கையால் பிடித்து மறுகையால் தேய்த்தவர்களும், ஈர மொப்பைப் பிழிந்தவர்களும் எந்தப் பக்கம் நிற்கிறார்கள் என்று நீங்களே பாருங்கள். கோப்பை கழுவிய தலைமுறையில் இரவில் கை விறைத்து எழும்பி உதறுபவர்கள் எத்தனை பேரை எனக்குத் தெரியும்! வயதாகிவிட்டது, குளிர் நாடு, வாதம் என்று சொல்லிவிட்டுப் படுத்துவிடுவார்கள். மௌஸ் தன் தூரத்தைத் தானே எண்ணுகிறது, அதனால் அதைப் பற்றி ஆய்வும் விவாதமும் வருகின்றன. மொப்புக்குள் யாரும் எண்ணும் தட்டு வைக்கவில்லை. பிள்ளையின் நோவைப் பார்த்துச் சிரிக்கும் தகப்பன் தன் நோவைத்தான் முதலில் கைவிட்டிருக்கிறார்.

இதில் காசும் இருக்கிறது. சுவிஸில் ஊதியத்துக்கு வேலை செய்யும் எவருக்கும், அகதிக் கோரிக்கை முடியாதவருக்கும்கூட, வேலைதருபவர் மூலமான விபத்துக் காப்புறுதி கட்டாயம். தொழில்நோய் என்று ஏற்கப்பட்டால் அது வேலையில் நடந்த விபத்துக்குச் சமம். வைத்தியச் செலவில் நம் பங்கு கழிக்கப்படாது, வேலை செய்ய முடியாத நாட்களுக்கு மூன்றாம் நாளில் இருந்து ஊதியத்தின் 80 வீதம் கிடைக்கும். ஏற்கப்படாவிட்டால் சாதாரண மருத்துவக் காப்புறுதி, அதில் முதல் தொகையும் பத்து வீதமும் நம் தலையில்.

ஏற்பதற்குச் சட்டத்தின் 9ஆம் பிரிவில் இரண்டு வாசல்கள். பட்டியலில் உள்ள நோய் என்றால் காரணத்தில் பாதிக்கு மேல் வேலையால் வந்திருக்க வேண்டும். தசைநார் உறை அழற்சியின் ஒரு வகை, அசைக்கும்போது நறநறவென்று உணரப்படுவது, அந்தப் பட்டியலில் இருக்கிறது, எந்த வேலையாக இருந்தாலும் சரி. பட்டியலில் இல்லாத நோய்க்கு வாசல் ஒடுங்கியது. காரணத்தில் குறைந்தது 75 வீதம் வேலையாக இருக்க வேண்டும். அப்படியென்றால் அந்தத் தொழில் செய்பவர்களிடம் அந்த நோய் மற்றவர்களைவிட நாலு மடங்கு கூடுதலாக இருக்க வேண்டும் என்று நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. கணனியில் வேலை செய்பவர் தோள் நோவோடு அந்த வாசலால் நுழைவது மிகக் கடினம். ஒளித்துச் சொல்வதில் பயனில்லை. ஆனால் நோவு வரமுன் கேட்பதற்கு அவருக்கு உரிமை உண்டு. உடலுக்கு ஏற்ற வேலையிடத்தை அமைத்துக் கொடுப்பது வேலைதருபவரின் கடமை என்று தொழிற்சட்டத்தின் மூன்றாம் ஒழுங்குவிதி சொல்கிறது. ஐரோப்பிய ஒன்றிய நாடுகளில் இருக்கும் வாசகர்களுக்கு 1990ஆம் ஆண்டின் திரை வேலைக் கட்டளை இருக்கிறது. இடைவேளையும் கண் பரிசோதனையும் அதில் எழுதப்பட்ட உரிமைகள்.

கேட்க வேண்டியவை பெரிய செலவும் அல்ல. எண்கட்டை இல்லாத விசைப்பலகை ஒன்று இருந்தால் மௌஸ் உள்ளே வரும். இடக்கையால் மௌஸ் பிடிக்கப் பழகலாம், எனக்கு இரண்டு கிழமை எடுத்தது. அம்பின் வேகத்தைக் கூட்டினால் தூரம் குறையும், ஆனால் கடைசி மில்லிமீற்றர் இன்னும் கடினமாகும், ஆகவே நோவுள்ளவர் வேகத்தைக் கொஞ்சம் குறைத்துப் பார்ப்பது நல்லது. வாசிக்கும்போது மௌஸில் இருந்து கையை எடுத்து மடியில் போடுங்கள். வேலை செய்யாத நேரத்திலும் மௌஸைப் பிடித்தபடி இருப்பதுதான் அந்தச் சில இழைகளைத் தூங்கவிடாமல் செய்கிறது.

வைத்தியரிடம் போகும்போது எவரும், கந்தோரில் இருந்து போனாலும் குசினியில் இருந்து போனாலும், வெறுமனே "கை நோகுது" என்று சொல்லிவிட்டு வராதீர்கள். வேலையில் எந்த அசைவு, ஒரு மணித்தியாலத்துக்கு எத்தனை தடவை, எவ்வளவு நேரம் விடாமல், எத்தனை வருடம், எந்த விரலில் விறைப்பு, விடுமுறையில் குறைகிறதா என்று ஒரு தாளில் எழுதிக் கொண்டுபோங்கள். மொழி தடுமாறினால் பிள்ளையைக் கொண்டு ஜேர்மனிலோ பிரெஞ்சிலோ எழுதுவியுங்கள். இது வேலையால் வந்ததா என்ற கேள்வியை வைத்தியர் கேட்கும்வரை காத்திராமல் நீங்களே கேளுங்கள். ஆம் என்றால் வேலைதருபவரிடம் அறிவித்து விபத்துக் காப்புறுதிக்குப் பதியச் சொல்லுங்கள். அந்தப் படிவத்தில் எத்தனை கிலோமீற்றர் என்று யாரும் கேட்பதில்லை.